கனவில் வந்தது யாருடைய நாய்?

நாய் கடிப்பதாகக் கனாக் கண்டால் கிட்டடி ஆள் ஒருவர் காலை வாரப்போகிறார். வாலாட்டினால் நல்ல சிநேகிதம் வாய்க்கும். குரைத்தால் ஊர்வாயில் விழ வேண்டிவரும். துரத்தினால் பகை. வெள்ளை நாய் வரவு, கறுப்பு நாய் வைரவர் எதையோ நினைவூட்டுகிறார் என்பதன் அடையாளம். கனவுப் பலன் சொல்லும் மலிவுப் புத்தகங்களும் கைத்தொலைபேசியில் வந்து விழும் காணொளிகளும் இந்த வரிகளையே முன்பின்னாக மாற்றிப் போட்டுக்கொண்டிருக்கின்றன. எல்லாவற்றுக்கும் பொதுவான குணம் ஒன்று உண்டு: கனவு கண்டவர் யார் என்று எதுவும் கேட்பதில்லை. யாழ்ப்பாணத்து வங்கி எழுதுவினைஞருக்கும் வன்னிக் கமக்காரருக்கும் ஸ்காபரோவில் பன்னிரண்டாம் மாடியில் படுத்திருக்கும் மாணவிக்கும் ஒரே நாய், ஒரே பலன்.

இந்தப் பட்டியலை உருத்திரபுரத்துக்குக் கொண்டுபோய்ப் பார்த்தால் அதன் பலவீனம் உடனே தெரிந்துவிடும். கிளிநொச்சி நகரை ஒட்டி, இரணைமடுத் தண்ணீர் பாயும் வயல்களுக்கு நடுவே இருக்கிற ஊர். பழைய சிவன் கோயிலான உருத்திரபுரீஸ்வரர் கோயிலால் பெயர்பெற்றது. கடந்த நூற்றாண்டின் நடுப்பகுதியில் குடியேற்றத் திட்டத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து காடு வெட்டிக் காணி திருத்திய குடும்பங்கள் பல இங்கே உண்டு. அப்படிப்பட்ட ஊரில் நாய் செல்லப் பிராணி அல்ல, கூலியில்லாத வேலையாள். காலபோக நெல் குடலைப் பருவத்தில் நிற்கும்போது பன்றிக் காவலுக்குப் போகிறவரோடு அதுவும் போகும். வளவுக்குள் பாம்பு புகுந்தால் முதலில் அறிவது அதுதான். படலையடியில் அந்நியர் வந்து நிற்பதை வீட்டுக்காரருக்கு முன்பே அறிந்து குரலில் வித்தியாசம் காட்டும்.

2008 இன் பின்பாதியில் போர் நெருங்கிவர இந்த ஊர் கிளம்பியது. உழவு இயந்திரப் பெட்டியில் நெல் மூட்டை, கதவு நிலை, பாத்திரங்கள், பிள்ளைகள். மாடுகளைக் கட்டவிழ்த்து விட்டார்கள். நாயின் கழுத்துக் கயிற்றையும் அறுத்துவிட்டார்கள். அது பெட்டிக்குப் பின்னால் ஓடிவந்தது, ஒரு தூரத்துக்குப் பிறகு நின்றுவிட்டது. 2009 ஜனவரி 2 அன்று கிளிநொச்சி வீழ்ந்தபோது இந்தச் சனம் தருமபுரம், விசுவமடு என்று கிழக்கே போய்க்கொண்டிருந்தது. பிறகு முள்ளிவாய்க்கால், செட்டிகுளம் முகாம், அதன்பின் மீள்குடியேற்றம். இப்படிப்பட்ட வாழ்க்கைக்குள் ஒருவரின் கனவில் நாய் வந்தால் அது எந்த நாய் என்பதற்கான விடை அநேகமாக அவரிடமே இருக்கும். பட்டியலோ அவரைப் பார்த்து, ‘நண்பர் கிடைப்பார்’ என்கிறது.

கனவுப் பலன் பார்ப்பதை முழு மூடத்தனம் என்று தள்ளிவிடுவது எனக்குச் சுலபம். ஆனால் பழைய நூல்களைப் புரட்டினால் அவை இன்றைய பட்டியலைவிட எவ்வளவோ எச்சரிக்கையாக இருந்திருக்கின்றன. ஆயுர்வேதத்தின் மூலநூல்களுள் ஒன்றான சரகசம்ஹிதையில் மரணக் குறிகளைப் பேசும் இந்திரியஸ்தானம் என்ற பகுதி உண்டு. அதில் நாயும் வருகிறது: நாய், ஒட்டகம், கழுதை ஆகியவற்றோடு தெற்குத் திசை போவதாகக் கனவு காண்பவன் எலும்புருக்கி நோய்ப்பட்டு உயிர்விடுவான் என்கிறது. தெற்கு யமனின் திசை. யமனின் காவலுக்கு இரண்டு நாய்கள் நிற்பதை இருக்கு வேதமே சொல்கிறது. கம்பனில் திரிசடை காணும் கனவிலும் எண்ணெய் பூசிய இராவணன் கழுதையும் பேயும் பூட்டிய தேரில் தென்புலம்தான் போகிறான். எருமை ஏறுவதாகக் கோவலன் கண்ட கனவும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததே.

பயமுறுத்தும் இந்த வரிகளோடு சரகர் நின்றுவிடவில்லை. அதே இடத்தில் கனவை ஏழு வகையாகப் பிரிக்கிறார்: கண்டது, கேட்டது, அனுபவித்தது, விரும்பியது, கற்பனை செய்தது, வருவதை உணர்த்துவது, உடற்தோஷத்தால் எழுவது. முதல் ஐந்துக்கும் பலன் கிடையாது என்று கறாராகச் சொல்கிறார். பகற்கனவுக்கும் இல்லை, மிக நீண்டதற்கும் மிகக் குறுகியதற்கும் இல்லை. இந்தச் சல்லடையில் உருத்திரபுரத்து நாயைப் போட்டுப் பாருங்கள். தான் வளர்த்த, தான் விட்டுவந்த நாய் கனவில் வந்தால் அது ‘அனுபவித்தது’ என்ற கணக்கில் போய்விடும். சாத்திரப்படியே அதற்குப் பலன் பார்க்க இடமில்லை. இன்றைய பட்டியல் தயாரித்தவர்கள் சல்லடையை எறிந்துவிட்டுப் பலனை மட்டும் வைத்துக்கொண்டார்கள். மரபு மரபு என்று மார்தட்டுகிறவர்கள் பின்பற்றுவது மரபின் பாதியைக்கூட அல்ல என்பதுதான் எனக்கு இதில் பெரிய குறை.

மேற்கிலும் இதே கதிதான். இரண்டாம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் கனவு நூல் எழுதிய ஆர்த்தெமிதோரஸ் நாய்களை வேட்டை நாய், காவல் நாய், கொஞ்சி வளர்க்கும் நாய் என்று தரம் பிரித்துத் தனித்தனியே பலன் சொன்னவர். அதைவிட முக்கியம், கனவு கண்டவரின் தொழில் என்ன, பழக்கம் என்ன, ஊர் வழக்கம் என்ன என்று விசாரிக்காமல் வாய் திறக்காதே என்று பலன் சொல்பவருக்குக் கட்டளையிட்டவர். 1900 என்று ஆண்டிட்டு வந்த தன் கனவு நூலில் பிராய்டு அவரை மதித்துப் பேசுவதற்கு இதுவே காரணம். ஆர்த்தெமிதோரஸின் வாரிசாகச் சந்தைக்கு வந்த அகரவரிசைக் கனவு அகராதிகளில் அந்தக் கேள்விகள் எதுவும் மிஞ்சவில்லை.

கேள்வி கேட்கும் வழக்கம் இன்னும் மிஞ்சியிருப்பது வீடுகளில்தான். பள்ளிக்கூடம் போகிற பெடியன் காலையில் முகம் வாடி, “அம்மம்மா, ராத்திரி நாயொண்டு என்னைக் கடிக்கத் துரத்தினது” என்கிறான். அடுப்படியில் தேங்காய் துருவிக்கொண்டிருப்பவர் பஞ்சாங்கம் எடுப்பதில்லை. “எத்தினை மணி இருக்கும்? விடியப்புறமோ?” என்கிறார். “ஆற்ற நாய்? எங்கட ஒழுங்கை நாயோ? நேற்று அதுக்குக் கல்லெறிஞ்சனியே?” பெடியன் மௌனம். “அதுதான் வந்திருக்கு. முகத்தைக் கழுவித் திருநூறு பூசிக்கொண்டு வா. பின்னேரம் அதுக்கு ஒரு பிடி சோறு வை.” முடிந்தது விசயம். ஆர்த்தெமிதோரஸ் சொன்ன விசாரணையும் உண்டு, சரகரின் சல்லடையும் உண்டு. கூடவே பரிகாரம் ஒன்று, அதுவும் பிள்ளையின் கைக்கு எட்டக்கூடியது.

அம்மம்மா முதலில் நேரத்தைக் கேட்டது கவனிக்கத்தக்கது. பொன்னவன் பெயரில் வழங்கும் கனாநூல் தமிழில் உண்டு. சிலப்பதிகார உரையில் அடியார்க்குநல்லார் எடுத்துக்காட்டும் கனவுக் கணக்கின்படி முதற்சாமக் கனவு ஓராண்டிலும், இரண்டாஞ்சாமக் கனவு எட்டு மாதத்திலும், மூன்றாஞ்சாமக் கனவு மூன்று மாதத்திலும், கடைச்சாமக் கனவு பத்து நாளுக்குள்ளும் பலிக்கும். ‘விடியக் கண்ட கனவு பலிக்கும்’ என்று நாம் சொல்வதன் வேர் இது. பத்து நாள், எட்டு மாதம் என்ற கெடுக்களுக்கு எந்த ஆதாரமும் இல்லை. ஆனால் சாமங்கள் ஒன்றுபோல இல்லை என்ற கவனிப்பு சரியானது. 1953 இல் சிக்காகோவில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் தூக்கத்தில் கண்விழி விரைந்து அசையும் கட்டத்தைக் கண்டறிந்தார்கள். ஒன்றரை மணிக்கொரு தடவை வரும் அந்தக் கட்டம் விடியலை நெருங்க நெருங்க நீளும். துலக்கமான கனவுகள் பெரும்பாலும் அதில்தான். அதிலிருந்து நேரே விழித்தால் கனவும் ஞாபகத்தில் நிற்கும். மார்கழியில் திருவெம்பாவைக்காரர் சங்கும் சேமக்கலமுமாக ஒழுங்கையால் வரும்போது கண்டது அப்படியே நினைவிருப்பதற்கும் காரணம் இதுதான். ஞாபகம் இருக்கும் கனவைத்தான் பலித்ததா என்று ஒப்பிட்டுப் பார்க்க முடியும். அதனால் விடியற்கனவே பலிக்கிறது என்ற எண்ணம் வளர்ந்திருக்கலாம். மறந்துபோன ஆயிரம் கனவுகளுக்குக் கணக்குவைக்க ஆளில்லை.

பலித்தல் என்பதிலும் நிறைய நெகிழ்ச்சி இருக்கிறது. நாய் கடித்தால் துரோகம் என்கிறது பட்டியல். ஒரு மாதத்துக்குள் யாரோடும் மனத்தாங்கல் வராத மனிதர் எங்கே இருக்கிறார்? வந்தால் கனவு பலித்தது. வராவிட்டால் வைரவர் காப்பாற்றினார். தோற்கவே முடியாத சோதனை இது. அதே கறுப்பு நாய் ஒரு காணொளியில் வைரவரின் வாகனமாக அருள் செய்கிறது, அடுத்த காணொளியில் சாவுச் செய்தி கொண்டுவருகிறது. தருமர் கடைசிப் பயணத்தில் விட்டுக்கொடுக்காத நாயும் நம்முடையதுதான், இரவில் ஊளையிட்டால் சாவு வரும் என்று நாம் விரட்டும் நாயும் நம்முடையதுதான். இரண்டையும் பையில் வைத்திருப்பவர் எதை எடுத்து நீட்டினாலும் சரியாகத்தான் இருக்கும்.

இதுவரை சொன்னவை அறிவுக் குறைகள். வன்னியில் இதற்கு வேறொரு விபரீதமும் உண்டு, எனக்கு அதுதான் பாரமாகப் படுகிறது. ‘கிட்டடி ஆள் காட்டிக்கொடுப்பான்’ என்ற பலன் வேறு ஊரில் வெறும் வம்பு. யார் யாரைக் காட்டிக்கொடுத்தார்கள் என்ற கேள்வி முப்பது ஆண்டுகளாக வீடுகளையும் உறவுகளையும் பிரித்துப்போட்ட மண்ணில் அது பழைய புண்ணைக் கிளறிவிடும். முகாமில் பெயர் கொடுத்தது யார், மச்சான் வெளியே வந்தும் மகன் வராதது ஏன் என்று வாய்விட்டுக் கேட்காத சந்தேகங்கள் எத்தனையோ வீடுகளில் உறைந்து கிடக்கின்றன. ஒரு கனவும் அச்சடித்த ஒரு வரியும் சேர்ந்து அவற்றில் ஒன்றுக்கு ஆள் பிடித்துக் கொடுத்துவிடும். காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவுகள் 2017 பெப்ரவரி 20 முதல் கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் தொடர்ந்து இருந்தது அரசிடம் பதில் கேட்டு. பதில் வராத இடத்தில் சாத்திரமும் கட்டுச் சொல்லுதலும் கனவும் பதிலாகிவிடுவது இயல்பு. அந்தத் தாய்மாரைக் குறைசொல்ல யாருக்கும் வாயில்லை. அவர்களுக்குப் பலன் விற்பவர்களைச் சொல்லலாம்.

திரும்பத் திரும்ப வந்து தூக்கத்தைக் கெடுக்கும் நாய்க்கனவு வேறு ரகம். ஆபத்தை ஒத்திகை பார்க்கத்தான் மூளை கனவு காண்கிறது என்று பின்லாந்து ஆய்வாளர் ரெவொன்சுவோ 2000 ஆம் ஆண்டில் ஒரு கருத்தை முன்வைத்தார். அவரின் அணியினர் போர்ப் பாதிப்புக்குள்ளான குர்திஷ் பிள்ளைகளிடம் பார்த்தபோது, அமைதியான இடத்துப் பிள்ளைகளைவிட அவர்களின் கனவில் அச்சுறுத்தல் அதிகமாக இருந்தது. கருத்து முழுவதும் நிறுவப்பட்டதல்ல. ஆனாலும் குண்டுச் சத்தத்தில் வளர்ந்த ஒருவரைக் கனவில் நாய் துரத்தும்போது, வரப்போவதைவிடக் கடந்துவந்ததை ஆராய்வதே பொருத்தம் என்று அது நினைவூட்டுகிறது.

அத்தகைய கனவுகளுக்கு இன்று ஒரு சிகிச்சை முறையும் இருக்கிறது. கெட்ட கனவைப் பகலில் சொல்லவைத்து, அதன் முடிவை விருப்பப்படி மாற்றி, மாற்றிய கதையை மனத்தில் தினமும் ஓட்டிப் பார்க்கச் சொல்வார்கள். பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களிடம் அது கொடுங்கனவுகளைக் குறைத்ததாக பாரி கிராக்கோவ் குழுவினர் 2001 இல் எழுதினார்கள். கடிக்க வந்த நாய்க்குச் சோறு வைக்கச் சொன்ன அம்மம்மா செய்ததற்கும் இதற்கும் தூரம் அதிகமில்லை. யாழ்ப்பாணத்து உளமருத்துவப் பேராசிரியர் தயா சோமசுந்தரமும் போரின் மனவடுக்களைப் பற்றி எழுதும்போது, மக்களின் சடங்குகளையும் நம்பிக்கைகளையும் பகையாக்காமல் ஆற்றுப்படுத்தலுக்குத் துணையாகக் கொள்ளும்படி வற்புறுத்தியவர். துணை என்பதற்கு எல்லை உண்டு. மாதக்கணக்கில் தூக்கமில்லாதவருக்குத் திருநீறு போதாது, கிளிநொச்சி ஆசுப்பத்திரிக்குப் போகத்தான் வேண்டும். விழித்திருக்கும்போது கடித்த நாய்க்குப் பலனும் பார்வையும் பார்ப்பது இன்னும் மோசம். சவர்க்காரம் போட்டு ஓடும் தண்ணீரில் கால் மணித்தியாலம் கழுவிவிட்டு அன்றைக்கே ஊசிக்குப் போக வேண்டும். விசர் நாய்க்கடி நோய் குறி காட்டத் தொடங்கிய பிறகு பிழைப்பவர் இல்லையென்றே சொல்லலாம்.

ஆக, என் கையில் விட்டால் பட்டியலைக் கிழித்துப்போட்டு அம்மம்மாவின் கேள்விகளை வைத்துக்கொள்வேன். வைரவருக்கு நேர்ந்த வடைமாலையையும் எடுத்தெறியச் சொல்ல மாட்டேன், அதற்கு என் காரணம் பக்தியுமில்லை. சூலத்துக்குச் சாத்திய வடை பூசை முடிந்ததும் ஒழுங்கைப் பிள்ளைகளின் கைக்குத்தான் போகிறது, உளுந்துக் காசு ஊருக்குள்ளேயே நின்றுவிடுகிறது. கனவுத் தோஷம் நீங்க ஒருவர் காணொளியில் கூவி விற்கும் தகட்டுக்கு அனுப்பும் காசு அப்படியல்ல.