கண்மட்டத்தில் ஒரு கேமரா

திருவண்ணாமலையில் கேமரா தானாகவே மேலே நிமிரும். 217 அடி ராஜகோபுரம், பின்னால் 2,668 அடி மலை, கார்த்திகையில் அதன் உச்சியில் தீபம். அண்ணாந்து பார்ப்பதற்கென்றே அமைந்த ஊர். இங்கே நிற்கும்போது தெலங்கானாவின் பஸ்தாபூர் பெண்கள் நினைவுக்கு வருவார்கள்.

ஜஹீராபாத் அருகேயுள்ள அந்த ஊரில், தக்காண வளர்ச்சிச் சங்கம் 1990களின் பிற்பகுதியில் தலித் விவசாயப் பெண்களுக்கு வீடியோ கற்றுத்தந்தது. பலர் பள்ளிக்கூடம் போகாதவர்கள். கேமராக் கோணங்களுக்கு அவர்கள் வைத்த பெயர்கள் அபாரம். நிலக்காரர்போல மேலிருந்து பார்த்தால் பட்டேல் ஷாட். பண்ணையாள்போலக் கீழிருந்து நிமிர்ந்தால் அடிமை ஷாட். எதிரே இருப்பவரின் கண்மட்டத்தில் வைத்தால் சங்கம் ஷாட்; சங்கக் கூட்டத்தில் எல்லோரும் தரையில் சமமாக உட்காருவார்களே, அதுபோல. அவர்களுக்குப் பிடித்தது இதுதான்.

ஸ்டாண்டை ஏற்றுவதும் இறக்குவதும் சின்ன வேலை. அதற்குள் ஊரின் மேல் கீழ் மொத்தத்தையும் கண்டுகொண்டார்கள். விதைகளையும் வாரங்கலில் மரபணு மாற்றிய பி.டி. பருத்தி போட்ட விவசாயிகளின் நஷ்டத்தையும் படமெடுத்தார்கள். கேட்பவளும் விவசாயி என்பதால் பதில் சொல்பவர் பரிதாபத்துக்காகக் குரலை மாற்ற வேண்டியதில்லை.

2023 ஜனவரி 30 அன்று, திருவண்ணாமலை மாவட்டத்தின் தென்முடியனூரில் தலித் மக்கள் போலீஸ் காவலோடு முத்துமாரியம்மன் கோயிலுக்குள் முதன்முறையாக நுழைந்தார்கள். அன்றைக்கு அந்த மக்களில் ஒரு பெண் சங்கம் ஷாட் வைத்து எடுத்திருந்தால் எப்படி இருந்திருக்கும்? அனுமதி பெற்றவர்களாக இல்லாமல், தங்கள் சாமியைக் கும்பிட வந்தவர்களாக அவர்களை அந்தப் படம் காட்டியிருக்கும்.