பால்கேயின் கலையும் துணைவியின் கையும்

தாதாசாகேப் பால்கேயைப் பல்கலை வல்லார் எனப் புகழ்வோர் பலர். அப்புகழ் பொய்யன்று. ஓவியம், புகைப்படம், அச்சுத்தொழில், செப்பிடு வித்தை ஆகிய யாவும் பயின்றவர் அவர். 1912-இல் இலண்டன் சென்று படப்பொறி வாங்கி வந்தார். பட்டாணி முளைத்துச் செடியாவதைச் சிறிது சிறிதாகப் படம்பிடித்துக் காட்டியே பொருளுதவி பெற்றார். 1913 மே 3-இல் பம்பாயில் 'ராஜா ஹரிச்சந்திரா' வெளிவந்தது.

ஆனால், அச்சுருளின் ஓரத்தில் துளையிட்ட கை யாருடையது? இருட்டறையில் அதனைக் கழுவியவர் யார்? நடிகர் கூட்டத்திற்கெல்லாம் சோறாக்கியவர் யார்? மனைவி சரசுவதிபாய்! புகழ்மாலை சூட்டுவோர் இப்பெயரை மறப்பதேன் என்று கேட்கிறோம்.

தாராமதியாக நடிக்க அன்று ஒரு பெண்ணும் கிடைக்கவில்லை. உணவுக்கடையில் வேலைபார்த்த சாளுங்கே என்னும் ஆடவர் சேலை உடுத்தார். 1917-இல் 'லங்கா தகன'த்தில் இராமனும் அவரே, சீதையும் அவரே! நகைப்பதா, நாணுவதா? நடிக்க வரும் பெண்ணை இழித்துரைத்த சமூகம் கலையினிடம் வாங்கிய தண்டம் அது.

பால்கேயோ அத்தோடு நிற்கவில்லை. 1919-இல் 'காளிய மர்தன'த்தில் கண்ணனாக நடித்தது அவர் மகள் மந்தாகினி. படத்தின் தொடக்கத்தில் அச்சிறுமி முகபாவங்களை ஒவ்வொன்றாய் மாற்றிக் காட்டுகிறாள். வித்தைக் காட்சிகள் அனைத்தினும் அதனையே நாம் உயர்வாக மதிக்கிறோம்.