இணைப்புப் பரப்பும் ஆரம் என்னும் அளபுருவும்

அளபுருசார் கணினிவழி வடிவமைப்பு மென்பொருள்களில் இரு பரப்புகள் சந்திக்கும் கூரிய விளிம்பை நீக்கி, அவற்றை மென்மையாகச் சேர்க்கும் பரப்பு இணைப்புப் பரப்பு எனப்படும். இவற்றுள் பெரிதும் பயன்படுவது ஃபில்லெட். ஒரு பந்து இரு பரப்புகளையும் தொட்டபடி உருண்டு செல்வதாகக் கொண்டு இதன் வடிவம் கணிக்கப்படுகிறது. பயனர் பெரும்பாலும் ஆரத்தை மட்டும் தந்தால் போதும். ஆரம் மாறினால் மாதிரியும் தானே மாறும்.

இந்த எளிமையே இதன் குறையும் ஆகும். சமதளத்தின் வளைமை 0; 5 மி.மீ. ஆரமுள்ள ஃபில்லெட்டின் வளைமை மில்லிமீட்டருக்கு 0.2. இரண்டும் சேரும் கோட்டில் தொடுதளம் ஒன்றாக இருந்தாலும் வளைமை திடீரெனத் தாவுகிறது. மென்பொருள் இதைப் பிழையாகக் காட்டுவதில்லை. ஆனால் மகிழுந்தின் பளபளப்பான உடற்பகுதியில் எதிரொளிக்கும் கோடுகள் அவ்விடத்தில் ஒடிந்து தெரியும். வரிக்குதிரைக் கோட்டுச் சோதனை இதை உற்பத்திக்கு முன்பே வெளிப்படுத்தும்.

வளைமைத் தொடர்ச்சியுள்ள இணைப்பை உருவாக்கும் வசதி பல மென்பொருள்களில் உண்டு. எனினும் அப்பரப்பின் ஆரம் இடத்துக்கு இடம் மாறுவதால், அதை ஒரே எண்ணால் வரைபடத்தில் குறிக்கவோ பட்டறையில் ஆரமானியால் அளக்கவோ இயலாது. வார்ப்புப் பெட்டியின் உள்மூலையில் தகைவைக் குறைக்க ஃபில்லெட் போதும். கண்ணில் படும் வெளிப்பரப்புக்குப் போதாது. ஆரத்தை மட்டும் கேட்கும் கட்டளை, பரப்பின் பயன் எது என்று கேட்பதில்லை என்பதே இம்முறை மீதான முதன்மையான விமர்சனம்.