தாயம்: 'மார்த்தாண்ட வர்மா' மௌனப்படம் பற்றி ஒரு குறிப்பு

அகஸ்தீஸ்வரத்து ஜே. சி. டேனியல் நிலத்தை விற்று 'விகதகுமாரன்' எடுத்து நொடிந்துபோன கதை பலருக்கும் தெரியும். அதைக் கண்ணால் பார்த்த பிறகும் அவருடைய உறவினர், நாகர்கோவில் சுந்தர்ராஜ், பணத்தை வைத்து ஆடினார். 1933ல் பி. வி. ராவ் இயக்கத்தில் 'மார்த்தாண்ட வர்மா' வந்தது. சி. வி. ராமன் பிள்ளை 1891ல் எழுதிய நாவல்தான் கதை. திருவனந்தபுரத்தில் காட்டிய கையோடு, நாவலின் உரிமை எங்களுடையது என்று கமலாலயா புக் டிப்போ வழக்குப் போட்டது. ஆட்டம் அங்கேயே முடிந்தது.

ஆய்வாளர்கள் பெரும்பாலும் இந்த வழக்கைத்தான் பேசுறாங்க. எனக்கு உறுத்துவது வேறு.

ராஜா நோயில் கிடக்கிறார். திருவிதாங்கூர் முறைப்படி சிம்மாசனம் சகோதரி மகனுக்கு. ராஜாவின் சொந்த மகன் பத்மநாபன் தம்பியோ எட்டுவீட்டுப் பிள்ளைமாரைச் சேர்த்துக்கொண்டு மருமகனைத் தீர்த்துக்கட்டப் பார்க்கிறான். மருமகன் தக்கலை பக்கத்துச் சாரோட்டுக் கொட்டாரத்தில் ஒளிகிறான். தம்பி பேராசைக்காரன், பெண்பித்தன், அவ்வளவுதான். 'அப்பன் சொத்து எனக்கு ஏன் இல்லை?' என்று கேட்க ஒரு இடம்கூட அவனுக்கு இல்லை.

இதே சங்கதியை நம்ம ஊர் வில்லுப்பாட்டில், தம்பிமார் கதையில் கேட்டுப்பாருங்க. ராஜா தம்பிமாரின் தங்கையைக் கேட்கிறார். அவள் பிள்ளைக்குப் பட்டம் உண்டானால் தருகிறோம் என்கிறார்கள். பகை அங்கே முளைக்கிறது. பாட்டு செத்தவன் பக்கம் நிற்கிறது.

தாயம் என்றால் நமக்குப் பகடையில் விழும் ஒன்று. பரம்பரைச் சொத்துக்கும் அதுதான் பெயர். மருமக்கள்தாயம் எத்தனை வீடுகளில் மாமனையும் மகனையும் எதிரெதிரே உட்கார வைத்தது என்பதற்குக் கவிமணியின் 'நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியம்' ஒன்றே போதும். நாஞ்சில் நாட்டு வெள்ளாளர் மக்களுக்குச் சட்டம் வந்து பங்கு கிடைத்தது 1926ல். அதற்கு ஏழே வருஷம் கழித்து, இதே மண்ணிலிருந்து போன ஒருவர் மருமகனை நாயகனாகவும் மகனை வில்லனாகவும் வைத்துப் படம் எடுக்கிறார்!

காரணம் படத்திலேயே இருக்கு. அன்றைய மகாராஜா சித்திரைத் திருநாளின் நிஜ ஊர்வலக் காட்சியை அதில் சேர்த்திருக்கிறார்கள். ஆள்கிற வம்சமே மருமகன் வம்சம். தம்பிக்காகப் பேச யாருக்குத் துணிச்சல் வரும்? அதற்காகப் படத்தைக் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை. ஆனால் வெறும் வில்லனாக நிற்கும் தம்பியால் கதையின் பாதி பாரம் போய்விடுகிறது.

தம்பிமார் வெட்டுப்பட்டது நாகர்கோவிலில் என்பார்கள். தயாரித்தவருக்கும் அதே ஊர்தான். சின்ன வயதில் கோயில் கொடையில் அந்தப் பாட்டு அவர் காதில் விழாமலா இருந்திருக்கும்?