குணசேகரனுக்குப் பதில் யார்?

கடப்பாக்கத்துக் கடைத்தெருவில் ஜி. மாரிமுத்து என்று சொல்லிப் பாருங்கள், கொஞ்சம் யோசிப்பார்கள். அவர் நடித்த ‘எதிர்நீச்சல்’ தொடரின் ஆதி குணசேகரன் என்றால் யோசிக்கவே வேண்டாம். சின்னத்திரைக் குணச்சித்திர நடிகருக்கு வாய்க்கும் புகழ் இதுதான்: முகம் வீட்டு ஆளாகிவிடும், பெயர் வாசலிலேயே நின்றுவிடும்.

1975-ல் சென்னைத் தொலைக்காட்சி தொடங்கியபோது அதற்கு இப்படிப்பட்ட நடிகர்களைக் கொடுத்தது மேடை. டெல்லி கணேஷ் விமானப்படையில் இருந்தவர். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்து, பாலசந்தரின் ‘பட்டினப் பிரவேசம்’ வழியே சினிமாவுக்கு வந்தார், பிறகு தொடர்களுக்கும். சபாவின் கடைசி வரிசைக்கு எட்டப் பேசிப் பழகிய குரலை வீட்டுக் கூடத்துக்குத் தணிப்பதே அந்தத் தலைமுறையின் முதல் பாடம்.

வாரத் தொடர் தினத்தொடரானதும் வேலையே மாறியது. வசனம் படப்பிடிப்பில்தான் கைக்கு வரும். உதவி இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நின்று சொல்லச் சொல்ல, காதில் வாங்கி அப்படியே பேச வேண்டும். ஒருவர் அதட்டினால் கூடத்தில் நிற்கும் அத்தனை முகத்தையும் கேமரா சுற்றி வரும். பேசாமல் நிற்பதே பாதிச் சம்பளத்துக்கான நடிப்பு. ‘மெட்டி ஒலி’யில் (2002–2005) ஐந்து பெண்களைப் பெற்ற சிதம்பரமாக டெல்லி குமார் அப்படித்தான் நின்றார். அதே தொடரில் மனைவியைப் படுத்திய மாணிக்கம், சேத்தன். ‘விடுதலை’யில் (2023) அவருடைய போலீஸ் அதிகாரியைக் கண்டு சினிமா ரசிகர்கள் வியந்தார்கள், சீரியல் பார்க்கும் பெண்களுக்கு அந்தக் கொடூரம் பழகியது. 2006-க்குப் பின் அரசின் இலவச வண்ணத் தொலைக்காட்சி குடிசைகளுக்கும் வந்துவிட்டதால், இந்த நடிகர்களை நன்றாக அறிந்தவர்கள் விமர்சகர்கள் அல்லர்.

மாரிமுத்து வந்த வழி வேறு. தேனிப் பக்கத்திலிருந்து உதவி இயக்குநராகச் சென்னை வந்தவர். ‘கண்ணும் கண்ணும்’, ‘புலிவால்’ என்று படம் இயக்கியவர். ‘பரியேறும் பெருமாள்’ (2018) படத்தில் சாதிக்கும் மகளுக்கும் நடுவே நொறுங்கும் அப்பாவாகச் சில காட்சிகளே வந்தார். அந்த அப்பாவின் வீம்பை மட்டும் பிரித்தெடுத்து ஊதிப் பெருக்கினால் கிடைப்பவர் ‘எதிர்நீச்சல்’ குணசேகரன். வீட்டுப் பெண்களை மிதிக்கும் அந்த ஆளை அவர் கோமாளித்தனம் கலந்து செய்தார். “ஏய், இந்தாம்மா” என்று அவர் இழுத்தால், அடி வாங்குகிறவர்களின் பக்கம் இருந்தவர்களும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு ஆணாதிக்கத்தைக் கேலி செய்ததா, செல்லம் கொடுத்ததா? இரண்டும்தான் என்பேன், செல்லம் கொஞ்சம் கூடுதல்.

2023 செப்டம்பர் 8 அன்று, அதே தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது உடல்நிலை கெட்டு அவர் இறந்தார். அவர் நடித்த ‘ஜெயிலர்’ படம் வெளியாகி ஒரு மாதம்கூட ஆகவில்லை. சீரியலில் ‘இவருக்குப் பதில் இவர்’ என்று ஒரு வரி போட்டுக் கதையைத் தொடர்வது வழக்கம், பார்ப்பவர்களும் இரண்டே நாளில் பழகிவிடுவார்கள். இம்முறை ‘குற்றப் பரம்பரை’ நாவலை எழுதிய வேல ராமமூர்த்தி வந்தார். பெரிய மீசை, கனத்த பார்வை. குறை சொல்ல முடியாத நடிகர். ஆனால் அவருடைய குணசேகரனைப் பார்த்து யாருக்கும் சிரிப்பு வரவில்லை, பயம்தான் வந்தது.