ஹங் துவாவாக ரம்லி

பினாங்கில் 1929இல் பிறந்த மலாய்த் திரைக்கலைஞர் பி. ரம்லி என்றதும் நமக்கு முதலில் நினைவுக்கு வருவது புஜாங் லாப்போக் படங்களின் நகைச்சுவையும் பாட்டுகளும்தான். அவருடைய சரித்திர வேடங்களை நாம் அவ்வளவாக எடைபோட்டுப் பார்ப்பதில்லை.

1956இல் ஷா சகோதரர்கள் தயாரித்த 'ஹங் துவா' வண்ணப்படம். இயக்கியவர் வங்காளத்தைச் சேர்ந்த ஃபணி மஜும்தார். மலாக்கா சுல்தானின் மாவீரனாக ரம்லி, இசையும் அவரே. ஹாங்காங்கில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் அந்த இசை பரிசு வென்றது. இத்தனை பெருமை இருந்தும், வீரனாக ரம்லி எடுபடவில்லை என்றே சொல்வேன். வாள் வீச்சில் வேகம் போதாது. அதட்ட வேண்டிய இடத்தில் குரல் குழைகிறது. சிவாஜியின் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' வசனங்களில் ஊறிய தமிழ்க் காதுக்கு இந்தக் குறை இன்னும் துலக்கமாகத் தெரியும். பாட்டுகளும் கதையை ஆங்காங்கே நிறுத்திவிடுகின்றன. மலாய்ப் படங்களுக்கு இந்திய இயக்குநர்கள் கொண்டுவந்த வழக்கம் அது. நம் படங்களையும் விடாத வழக்கம்.

ஆனால் கடைசிப் பகுதியைப் பாருங்கள். வீண்பழியை நம்பித் தனக்கு மரண தண்டனை விதித்த அதே சுல்தானுக்காக, தன் பொருட்டுக் கலகம் செய்த நண்பன் ஜெபாட்டைத் துவா கொன்றுவிடுகிறான். நியாயம் யார் பக்கம் என்ற கேள்வி வெற்றிக் களிப்பே இல்லாத அந்த முகத்தில் தேங்கி நிற்கிறது. சிவாஜியின் கர்ஜனையில் சந்தேகத்துக்கு இடமில்லை. ரம்லியின் மென்மையில் இருக்கிறது. 1961இல் ஹுசைன் ஹனிஃப் 'ஹங் ஜெபாட்' எடுத்து, கலகக்காரனையே நாயகனாக்கினார். அதற்கு மனத்தளவில் வழிவிட்டது ரம்லியின் இந்த முகம்தான் என்பது என் எண்ணம்.

இந்த மென்மைக்கு ஏற்ற வேடத்தை அதே 1956இல் ரம்லி தானே இயக்கிய 'செமெரா பாடி'யில் அமைத்துக்கொண்டார். பழங்காலக் கிராமம், நண்பனுக்கு நிச்சயிக்கப்பட்ட பெண்ணோடு ஒரு புயல் இரவில் தவறிவிடும் அடுகா. ஊர் நடுவே இருவருக்கும் கசையடி. அடியை ஏற்கும் ரம்லி கதறி அனுதாபம் தேடுவதில்லை. குற்றத்தை ஒப்புக்கொண்டவனின் அடக்கம் அவர் உடம்பிலேயே தெரிகிறது. தண்டனையைக் கேள்வி கேட்காமல் படம் முடிவது எனக்கு உறுத்தல்தான். நடிப்பில் குறையில்லை.

சரித்திர நடிகராக ரம்லியை மதிப்பிட ஒரே ஒரு படம்தான் பார்க்க முடியும் என்றால், 'ஹங் துவா'வை விட்டுவிட்டு 'செமெரா பாடி'யைப் பாருங்கள்.