அலைக்குத் தப்பியவர் சொல்லும் கதை

திருகோணமலைப் பிள்ளைகளுக்கு இராவணனை யாரும் புதிதாக அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. கோணேசர் மலைக்குப் போனால் இராவணன் வெட்டு என்னும் பாறைப் பிளவு. கன்னியாவுக்குப் போனால், தாயின் ஈமக்கடனுக்காக அவன் நிலத்தில் குத்தி எடுத்ததாகச் சொல்லப்படும் ஏழு வெந்நீர்க் கிணறுகள். அருகருகே இருந்தும் ஒவ்வொன்றிலும் வேறு வேறு சூடு. இறந்தவருக்குக் கடன் கழிக்கச் சனம் நெடுங்காலமாக அங்கே போய்வந்திருக்கிறது. துக்கத்தை என்ன செய்வது என்று சொல்லித்தரும் கதையை பரீட்சையில் ஒரு புள்ளிக் கேள்வியாகச் சுருக்கினால் அதில் உயிர் இருக்காது.

இந்த மாவட்டத்தில் துக்கத்துக்குக் குறைவில்லை. 2004 டிசெம்பர் 26 அன்று வந்த ஆழிப்பேரலையில் கிண்ணியாவில் வைத்தியசாலையையே கடல் அழித்தது. இரண்டு வருடம்கூட ஆகவில்லை, 2006இல் மூதூரிலும் சம்பூரிலும் சண்டை. சம்பூர்ச் சனம் ஊர் திரும்பத் தொடங்கவே 2015 ஆயிற்று. அலைக்குத் தப்பியவரே ஷெல்லுக்கும் தப்பி ஓடினார். அவரிடம் கதை கேட்டால் இரண்டும் பின்னித்தான் வரும்.

இந்த மண்ணின் கதைகளை எழுதியவர்களும் மேடையேற்றியவர்களும் இல்லாமல் இல்லை. மூதூர் ஆசிரியர் வ.அ.இராசரத்தினம் (1925–2001) ‘தோணி’ தொகுப்புக்காகச் சாகித்திய மண்டலப் பரிசு பெற்றவர். 1960களில் பேராதனையில் சு.வித்தியானந்தன் கூத்தைப் பல்கலைக்கழக மேடையேற்றினார். அங்கே ‘இராவணேசன்’ ஆடிய சி.மௌனகுரு பிறகு கிழக்கில் நாடகக் கல்வியை வளர்த்தார். கூத்துக்குக் கிடைத்த இந்த மரியாதை, கரைவலை இழுப்போரின் அம்பாப் பாட்டுக்கு இன்னும் கிடைத்ததாகத் தெரியவில்லை.

இவற்றைவிட, துக்கத்தைக் கதையால் ஆற்றும் விடயத்துக்கு நெருக்கமானது மட்டக்களப்பில் 1996இல் தொடங்கிய வண்ணத்துப்பூச்சிப் பூங்கா. கனடிய ஓவியர் போல் ஹோகனும் இயேசுசபைத் துறவி போல் சற்குணநாயகமும் நடத்திய அந்த இடத்தில், போரில் அடிபட்ட தமிழ், முஸ்லிம் பிள்ளைகள் ஒன்றாக இருந்து களிமண் பிசைந்தார்கள், வர்ணம் தீட்டினார்கள், கதை கட்டினார்கள். நடந்ததை நேரே சொல்ல வாய் வராத பிள்ளை, அரக்கனையும் பறவையையும் வைத்துச் சொல்லிவிடும். நாட்டார் கதையின் கல்விப் பயன் இதுதான். பண்பாட்டுப் பெருமை பேசுவதெல்லாம் பிறகு.

கதை உயிரையும் காக்கும். இந்தோனேசியாவின் சிமெலுவே தீவு, 2004 நிலநடுக்க மையத்துக்கு மிக அருகில் இருந்தது. ஏறத்தாழ 78,000 பேர் வாழ்ந்த அங்கே இறந்தவர்கள் ஏழே பேர். 1907இல் வந்த ஆழிப்பேரலையின் நினைவை ‘ஸ்மோங்’ என்று பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லிச் சொல்லியே வைத்திருந்தார்கள்: நிலம் பலமாக ஆடி, கடல் வற்றினால் மேட்டுக்கு ஓடு.

அதை அப்படியே இங்கே கொண்டுவந்தால் சரிவராது. அந்தக் காலை இலங்கைக் கரையில் பெரும்பாலானோர் எந்த ஆட்டத்தையும் உணரவில்லை. நிலநடுங்கி ஏறக்குறைய இரண்டு மணித்தியாலத்தின் பின்தான் அலை வந்தது. ஆகவே மூதூரும் கிண்ணியாவும் அமைந்த கொட்டியாரக்குடாவுக்குரிய பாடத்தைக் கொட்டியாரக்குடாச் சனம்தான் சொல்ல வேண்டும்: தண்ணீர் எந்த ஒழுங்கையால் ஏறியது, எத்தனை தரம் வந்தது, எந்த மேடு காத்தது, யார் யாருக்குக் கைகொடுத்தார்கள்.

இந்தக் கதைகளைக் கேட்டுப் பதியும் வேலையைத் திருகோணமலை ஆசிரியர்கள் மாணவரைக் கொண்டே செய்விக்கலாம். ஒரு கைபேசி போதும். சொல்ல விரும்பாதவரை வற்புறுத்தக் கூடாது. பெயரை வெளியிடுவது அவர் சம்மதத்தைப் பொறுத்தது. பதிவைப் பேணுவதற்கு, 2005 முதல் ஈழத்துத் தமிழ் ஆவணங்களைத் திரட்டிவரும் நூலக நிறுவனம் இருக்கிறது. அலை வந்த அன்று அறுபது வயதாயிருந்தவர் இன்று எண்பதைத் தாண்டிவிட்டார். வருகிற பள்ளி விடுமுறையிலேயே கேட்டு வையுங்கள்.